ஆனந்தபாயின் கடவமும் சந்தைமுக்குக் கல்லும்

ஓலை முடைகிறவள் தலையைக் குனிந்தே இருப்பாள். அதனால் சந்தைக்கு வருகிறவர்களை எனக்கு முகத்தைவிடக் காலால்தான் நன்றாகத் தெரியும். ஆனந்தபாய் அக்காவின் கால் அகலமானது. பெருவிரல் தனியே விலகி நிற்கும். தலையில் சுமை இருந்தால் அந்த விரல் மண்ணைக் கவ்விக்கொண்டிருக்கும், இறக்கியதும் தளர்ந்துவிடும். நிமிர்ந்து பார்க்காமலே, கடவத்தை இறக்கிவிட்டாள் என்று தெரிந்துகொள்வேன்.

பாறசாலையைத் தாண்டிக் களியக்காவிளைக்குப் போகிற பெருவழி ஒரு மேட்டில் ஏறி நிமிர்கிற இடம்தான் எங்கள் சந்தைமுக்கு. ஒரு பக்கம் மகாராஜா காலத்து வழியம்பலம். வழிநடைக்காரர்கள் தங்குவதற்காகக் கல்தூணும் கல்கூரையுமாகக் கட்டியது. மறுபக்கம் மிஷன்காரர்கள் கட்டிய பழைய பள்ளிக்கூடம், ஓடு வேய்ந்தது. இரண்டுக்கும் நடுவில் ஓலைக்கடைகள். அதில் ஒன்று என் அண்ணன் கனகதாசுடையது. அண்ணன் பெட்டியும் கடவமும் விற்பான், நான் உள்ளே இருந்து முடைவேன். ஐந்தாம் வகுப்போடு என்னைப் பள்ளியிலிருந்து நிறுத்திய பிறகு அதுதான் என் வேலை. ஆட்களிடம் பேச எனக்கு வராது. பார்த்துக்கொண்டிருப்பேன்.

எங்கள் கடைக்கு நேர் முன்னால், மேட்டின் தலையில், அந்தக் கல் நின்றது. இரண்டு கல்லை நட்டு, மேலே குறுக்காக ஒரு கல்லை ஏற்றிவைத்த சுமைதாங்கி. தலைச்சுமையோடு வருகிறவர்கள் யார் கையையும் எதிர்பார்க்காமல் சுமையை அதன்மேல் நகர்த்தி வைக்கலாம். திரும்பவும் அப்படியே தலைக்கு இழுத்துக்கொள்ளலாம். தரையில் இறக்கினால் திரும்பத் தூக்க இரண்டாள் வேண்டும்.

ஆனந்தபாய் அக்கா விளவங்கோட்டுப் பக்கம் பனையேறிகளின் வீடுகளுக்குப் போய்க் கருப்பட்டி வாங்கி, கடவம் நிறையச் சுமந்து வருவாள். கடவம் என்பது ஆள் கை விரித்தால்தான் பிடிக்க முடிகிற பெரிய ஓலைக்கூடை. அவளுடைய கடவங்கள் எல்லாம் நான் முடைந்தவை. கல்லில் கடவத்தை வைத்துவிட்டு, சின்னப் பெட்டியில் கொஞ்சம் கொஞ்சமாக எடுத்துக் கடை கடையாகப் போய்க் கொடுப்பாள். அந்தக் கல்லே அவளுக்குக் கடை. கல்யாணமான அடுத்த வருஷம் அவள் புருஷன் சிலோனுக்குப் போனான். முதலில் தகவல் வந்துகொண்டிருந்தது, பிறகு வரவில்லை. தனியாக இருக்கிற பெண், சந்தையில் ஒரு ஆணைப் பார்த்து 'ஒரு கை குடும்' என்று கேட்டால் அந்தக் கை எங்கெல்லாம் நீளும் என்பது அவளுக்குத் தெரியும். கூலிக்குச் சுமை தூக்குகிற சுமட்டுக்காரன் ஜெயதாஸ் கேட்காமலே கேலி பேசுவான். "அக்கா, எனக்க கைக்கும் ஒரு நாளு வேலை தாருமே" என்பான். அவள் திரும்பமாட்டாள். "உனக்க கைய உனக்க வீட்டுக்காரிக்க விறகுல வைலே மக்கா" என்பாள். சந்தை சிரிக்கும். ஜெயதாசும் சிரிப்பான்.

கடவம் இறங்கியதும் அவள் கல்லில் ஒரு கையை வைத்து நிற்பாள். உதடு அசையும். நான் ஜெபம் என்றுதான் நினைத்திருந்தேன்.

அப்படி நினைக்கக் காரணம் இருந்தது. வருஷந்தோறும் அறுப்பின் பண்டிகையன்று எங்கள் சபையார் பாட்டுப் பாடிக்கொண்டு ஊர்வலம் வருவார்கள். வாழைக்குலையும் மரச்சீனிக்கிழங்கும் சுமந்துவருகிற அந்த ஊர்வலம் கல்லண்டை வந்ததும் நிற்கும். உபதேசியார் பொன்னுதாஸ் கல்லில் கை வைத்து, வைசூரி கண்டு சாகக் கிடந்த இளைய மகளைக் கர்த்தர் எழுப்பித் தந்ததற்காக ஈசாக் என்ற விசுவாசி வைத்த ஸ்தோத்திரக் கல் இது என்று சொல்வார். அந்த மகள் ஆனந்தபாய். சாட்சியாக அவளும் பக்கத்தில் நிற்கவேண்டும். சின்னப் பிள்ளையாய் இருந்தபோதிலிருந்து அவள் நிற்கிறாளாம். நான் பார்த்த வருஷங்களில் எல்லாம் அவள் தரையைப் பார்த்துக்கொண்டுதான் நின்றாள். என்னைப் போல வெட்கக்காரி என்று எண்ணிக்கொண்டேன்.

சுமைதாங்கிக் கல் யாருக்கு வைப்பார்கள் என்று எங்கள் பக்கத்தில் எல்லாருக்கும் தெரியும். வயிற்றுப் பிள்ளையோடு செத்துப்போனவளுக்கு வைப்பார்கள். சுமையை இறக்காமலே போய்விட்டாள் அல்லவா? வழியில் போகிறவர்கள் அந்தக் கல்லில் சுமையை இறக்கும்போதெல்லாம் அவளுடைய பாரமும் கொஞ்சம் இறங்கும் என்று நம்பிக்கை. ஆனால் அது சபைக்கு ஆகாத நம்பிக்கை. இது கிறிஸ்தவர்கள் வைத்த கல், அவர்கள் வழக்கம் வேறு என்று சந்தைக்காரர்களும் விட்டுவிட்டார்கள்.

மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் போலீஸ் சுட்டு ஆட்கள் செத்த வருஷம், எங்கள் சந்தையிலும் பேச்சு குறைந்தது. தெற்குத் தாலுக்காக்கள் தமிழ்நாட்டோடு சேரவேண்டும் என்று ஒரு கட்சி. அது நடக்காது என்று ஒரு கட்சி. எங்கள் நெய்யாற்றின்கரைத் தாலுக்கா எந்தப் பக்கம் போகும் என்று யாருக்கும் தெரியாது. அதுவரை தமிழும் மலையாளமும் ஒரே வாயில் கலந்து பேசிய ஆட்கள், எதிரில் நிற்பவன் யார் என்று பார்த்துப் பேசத் தொடங்கினார்கள். அண்ணன் கடையில் பெட்டி வாங்க வருகிறவர்கள்கூட விரலால் காட்டி வாங்கினார்கள்.

ஒரு நாள் காலையில் வந்து பார்த்தால் கல் முழுவதும் சுண்ணாம்பால் எழுதியிருந்தது. தமிழர் தாலுக்காக்களைத் தமிழ்நாட்டோடு சேர் என்று, இடம் விடாமல், மேலேயும் பக்கத்திலும். காய்ந்திருக்கவில்லை. ஆனந்தபாய் அக்கா அதைப் படிக்கவா வந்தாள்? வழக்கம்போல் கடவத்தை வைத்தாள். எடுக்கும்போது கடவத்தின் அடியிலும் பக்கத்திலும் எழுத்துகள் தலைகீழாக ஒட்டிக்கொண்டிருந்தன. முக்கில் நின்ற போலீஸ்காரன் அவளை நிறுத்தி, கடவத்தைச் சுற்றிச் சுற்றிப் பார்த்தான். "அக்காளுக்க கடவமும் கட்சியில சேந்தாச்சு" என்றான் ஜெயதாஸ். யாரும் சிரிக்கவில்லை. போலீஸ்காரன் கருப்பட்டியை எல்லாம் தரையில் கொட்டச் சொல்லிவிட்டு, கொட்டியதும் போகச் சொன்னான். அவற்றை நானும் சேர்ந்து பொறுக்கினேன். அவள் மண் ஒட்டிய ஒவ்வொன்றையும் சேலையில் துடைத்து அடுக்கினாள்.

அடுத்த வருஷம் கோடையில் சந்தையை மாற்றிக் கட்டும் திட்டம் வந்தது.

அதை முன்னின்று நடத்தியவர் சுவாமிதாஸ் சார். தனுவச்சபுரத்தில் வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவர், சந்தைக் கமிட்டிக்குத் தலைவர், சபைக் கமிட்டியிலும் இருந்தார். எங்கள் பள்ளிக்கு மாற்றாக வந்து எனக்கு மூன்றாம் வகுப்பில் ஒரு மாதம் பாடம் சொன்னவர். நல்ல மனிதர். திட்டத்தின் படத்தை மிஷன் பள்ளிக்கூடச் சுவரில் ஒட்டி, வருகிறவர்களுக்கெல்லாம் குச்சியால் காட்டினார். பழைய வழியம்பலத்தை இடிப்பதில்லை. பழைய பள்ளிக்கூடத்தையும் இடிப்பதில்லை. நடுவிலுள்ள ஓலைக்கடைகளை மட்டும் எடுத்துவிட்டு, காங்கிரீட் கூரையில் ஒரே வரிசையாகக் கடைகள். வழியம்பலத்தின் கல்தூண்கள் வரை வந்து அந்த வரிசை முடியும். முன்னால் பஸ் நிற்க இடம். திருவனந்தபுரத்தில்கூட இப்படி ஒன்று இல்லை என்றார். எங்களுக்கும் ஆசையாகத்தான் இருந்தது. மழைக்காலத்தில் ஓலைக்கடையில் இருந்து பார்த்தால் தெரியும்.

பஸ் நிற்கிற இடத்தில் கல் குறுக்கே நின்றது. அளக்க வந்த ஓவர்சியர் அதைத் தூக்கிப் பள்ளத்தில் போடச் சொன்னார். சுவாமிதாஸ் சார்தான் விடவில்லை. பழையது எதையும் போடுவதில்லை என்பதுதானே திட்டம்? கல்லைப் பெயர்த்து, வழியம்பலத்தின் முன்வாசலில் மேடை கட்டி, அதன்மேல் நிறுத்துவது என்று அவர் முடிவு செய்தார். அதில் எழுத்து வெட்டுவது என்றும். 'ஈசாக்கின் மகள் ஆனந்தபாய் சுகம் பெற்றதற்கு ஸ்தோத்திரமாக' என்று நல்ல தமிழில்.

எல்லை போடுகிறவர்கள் ஒரு நாள் இங்கே வந்து பார்ப்பார்கள், பார்க்கும்போது சந்தைமுக்கில் பழைய கல்லில் தமிழ் இருக்கவேண்டும் என்பது அவர் எண்ணம். அதை அவர் மறைக்கவுமில்லை.

மேடை என் நெஞ்சு உயரத்துக்கு வந்தது. அதன்மேல் கல்லை வைத்தால் எந்தப் பெண்ணும் அதில் கடவம் வைக்க முடியாது. ஆனந்தபாய் அக்கா சாரின் வீட்டுக்குப் போய், கல்லை அப்படியே விட்டுவிடச் சொல்லிக் கேட்டாள். சார் அவளை உட்கார வைத்து, காப்பி கொடுத்து, பொறுமையாகப் பேசினாராம். இனி பஸ் வரும், கருப்பட்டியைப் பஸ்ஸில் போடலாம், தலையில் சுமக்கிற காலம் முடிந்தது என்றாராம். உன் பெயர் கல்லில் இருக்கும், உனக்கு அதைவிட என்ன பெருமை வேண்டும் என்றாராம். அவள் திரும்பி வந்து எங்கள் கடையில் உட்கார்ந்து இதையெல்லாம் சொன்னாள். அப்புறம், "மக்கா, எனக்க பேர எழுதினா எப்படி இருக்கும்?" என்று கேட்டாள்.

ஓலைத்துண்டில் கரியால் எழுதிக் காட்டினேன். வெகுநேரம் பார்த்தாள்.

"சத்தியபாய்னு எழுதினா?"

அது யார் என்று நான் கேட்கவில்லை. எழுதினேன். அவள் அந்தப் பெயரை விரலால் தொட்டாள். கரி விரலில் ஒட்டியது. அதைத் துடைக்காமலே எழுந்து போனாள்.

கல்லைப் பெயர்க்கிற நாள் சந்தை நாள் அல்ல, இருந்தும் கூட்டம் இருந்தது. கட்டிடக் காண்டிராக்டர் அப்புக்குட்டன் ஆட்களோடும் கம்பிப்பாரையோடும் வந்தார். நெய்யாற்றின்கரைக்காரர், மலையாளம்தான் பேசுவார், தமிழ் பேசினால் புரிந்துகொள்வார். தமிழ்க் கட்சிப் பையன்கள் ஒரு பக்கம் கொடியோடு நின்றார்கள். மறுபக்கம் போலீஸ் நின்றது. சுவாமிதாஸ் சார் வெளுத்த வேட்டியும் தோளில் நேரியலுமாக, எழுத்து வெட்டுகிற ஆசாரியோடு வந்திருந்தார். உபதேசியார் ஜெபம் செய்து தொடங்குவதாக ஏற்பாடு.

நான் பிரித்துப் போட்ட ஓலைகளின்மேல் உட்கார்ந்திருந்தேன். எங்கள் கடையை முந்தின நாளே பிரித்தாகிவிட்டது. மேட்டில் அந்தக் கால்கள் ஏறி வருவது தெரிந்தது. பெருவிரல் மண்ணைக் கவ்வியிருந்தது. ஆட்கள் வழிவிட்டார்கள். அவள் நேரே போய், என்றும்போல் கடவத்தைக் கல்லில் நகர்த்தி வைத்தாள். கல்லில் கையை வைத்து நின்றாள். எடுக்கவில்லை.

"எடுத்துக்கோ ஆனந்தபாய், நேரமாவுது" என்றார் சார்.

"எடுக்க மாட்டேன் சார். இது எனக்க கல்லு இல்ல."

சார் சிரித்தார். பின்னே யாருக்க கல்லு என்று யாரோ கேட்டார்கள்.

அவள் கூட்டத்தைப் பார்க்கவில்லை, அப்புக்குட்டனைப் பார்த்தாள். "எனக்க அக்கா சத்தியபாய்க்க கல்லாக்கும். கள்ளிக்காட்டுல கெட்டிக் குடுத்தோம். ஏழு மாசத்துல வயித்துப் பிள்ளையோட செத்துப்போனா. அவளுக்கு வேண்டித்தான் எனக்க அப்பன் இத வச்சது."

அதற்குப் பிறகு அவள் சொன்னது கொஞ்சம்தான். அப்பன் கல்லை வைத்ததும் சபையில் கேள்வி வந்தது. செத்தவளுக்குக் கல் வைப்பது அஞ்ஞானம், கல்லை எடு, இல்லாவிட்டால் சபையைவிட்டு விலகு என்றார்கள். அப்பன் மூன்று ராத்திரி தூங்காமல் கிடந்துவிட்டு, ஞாயிற்றுக்கிழமை ஆராதனையில் எழுந்து நின்று, இது செத்த மகளுக்கு இல்லை, பிழைத்த மகளுக்கு என்று சொல்லிவிட்டார். அவள் அந்த வருஷம் வைசூரி கண்டு பிழைத்திருந்தது உண்மை. அதனால் யாரும் சந்தேகப்படவில்லை. சபையே ஊர்வலமாக வந்து அந்தக் கல்லை ஏற்றுக்கொண்டது. பொய் சொல்லிவிட்டோம், இனி நீ அக்கா பெயரை இந்த இடத்தில் சொல்லக்கூடாது என்று அப்பன் அவளிடம் சத்தியம் வாங்கினார். அவளும் சத்தமாகச் சொல்லவில்லை, உதட்டோடு வைத்துக்கொண்டாள். வருஷா வருஷம் அக்காவின் கல்லுக்குப் பக்கத்தில், பிழைத்தவளாக நின்றாள்.

"எனக்க பேர இதுல வெட்டாதேயுங்க சார்" என்றாள். "அவ இன்னும் இறக்கி வச்சுத் தீரல்ல."

அப்புக்குட்டன் கையிலிருந்த பாரையைத் தரையில் வைத்தார். அவருடைய ஆட்களும் வைத்தார்கள். வீட்டில் மகள் நிறைமாதமாக இருக்கிறாள் என்றார் அவர். "ஞான் தொடூல்ல சாரே. வேறெ ஆளெ நோக்கிக்கோ" என்று சொல்லிவிட்டு, கல்லைச் சுற்றிக்கொண்டு போய் வழியம்பலத்தில் உட்கார்ந்தார். இந்தப் பக்கத்தில் அதைத் தொட வேறு ஆளும் கிடைக்காது என்று அவருக்கும் தெரியும், சாருக்கும் தெரியும்.

சுவாமிதாஸ் சார் அவளருகே வந்தார். "நீ என்ன சொல்லுகியன்னு தெரிஞ்சா சொல்லுக?" என்று மெதுவாகக் கேட்டார். உபதேசியார் பக்கத்தில் நிற்கிறார் என்பதைக் கண்ணால் காட்டினார்.

"தெரிஞ்சாக்கும் சார்."

கொடி பிடித்திருந்த ஒரு பையன், போலீஸிடம் வாங்கித் தின்றுவிட்டுத் தமிழ்க் கல்லைத் தடுக்கிறாள் என்று கத்தினான். அவளுடைய கருப்பட்டியைப் போலீஸ்தானே தரையில் கொட்டவைத்தது! அதை அவனிடம் சொல்ல எனக்கு நாக்கு வரவில்லை. ஜெயதாஸ்தான் சொன்னான். "எலே, கடவத்துல உனக்க எழுத்து ஒட்டினதுக்கு அவ தரையில இருந்து பொறுக்கினா, நீ எங்க இருந்தே?" என்றான். பையன் அடங்கினான்.

அவள் கடவத்தைத் தலைக்கு இழுத்துக்கொண்டு போனாள். அன்று கருப்பட்டி ஒன்றும் விற்கவில்லை.

சபைக் கமிட்டி அவளைக் கூப்பிட்டது. உள்ளே நடந்ததை உபதேசியாரின் மனைவி விஜயம்மா என்னிடம் பிறகு சொன்னாள். அவர்கள் கடினமாகப் பேசவில்லையாம். சந்தையில் கோபத்தில் வாய்தவறிச் சொல்லிவிட்டேன், அது ஸ்தோத்திரக் கல்தான் என்று ஞாயிற்றுக்கிழமை எழுந்து சொல், எல்லாவற்றையும் மறந்துவிடுகிறோம் என்றார்களாம். அவள் தகப்பன் செய்ததைத்தான் அவளிடமும் கேட்டார்கள். பொன்னுதாஸ் உபதேசியார் கையைக் கூப்பி, "ஒரு வார்த்தை மக்கா, உன்ன விட்டா எனக்கு மனசு தாங்காது" என்று அழுதாராம்.

அந்த ஒரு வார்த்தையைச் சொன்னால் அப்புக்குட்டனின் ஆட்கள் மறுநாளே பாரையோடு வருவார்கள். அவள் சொல்லவில்லை.

சபையார் அப்பமும் ரசமும் வாங்குகிற திருவிருந்திலிருந்து அவளை விலக்கினார்கள். அப்பனும் அம்மையும் கிடக்கிற கல்லறைத் தோட்டத்தில் அவளுக்கு இடமில்லை என்றும் ஆயிற்று. அவள் சபைக் கோயிலுக்கு வருவதை நிறுத்தவில்லை. கடைசி வரிசையில், எனக்குப் பக்கத்தில் உட்கார்ந்தாள். திருவிருந்துக்கு நாங்கள் எழுந்து போகும்போது வரிசையில் அவள் கால்கள் மட்டும் மிஞ்சியிருக்கும். அந்த வருஷம் அறுப்பின் பண்டிகை ஊர்வலம் கல்லண்டை நிற்கவில்லை. பாட்டைக் கொஞ்சம் சத்தமாகப் பாடிக்கொண்டு சாலையின் அந்தப் பக்கமாகப் போனது.

புதுச் சந்தை கட்டி முடிந்தது. கல்லை விட்டு ஒதுங்குவதற்காகக் கடைவரிசையின் முகப்பு அந்த இடத்தில் உள்வாங்கி வளைந்தது. காங்கிரீட் கூரையின் விளிம்பையும் அங்கே வெட்டினார்கள். மழை பெய்தால் அந்த வெட்டில் இருந்து தண்ணீர் நேரே கல்லின்மேல் கொட்டியது. கட்டிய மேடை வழியம்பலத்து வாசலில் வெறுமையாக நின்றது. கொஞ்ச நாளில் ஆட்கள் அதில் உட்கார்ந்து பீடி குடித்தார்கள். பஸ்காரர்கள் திருப்ப இடமில்லாமல் கல்லைத் திட்டினார்கள். எங்களுக்கு வளைவு விழுந்த கடைதான் கிடைத்தது, மற்றவற்றைவிடச் சின்னது. அண்ணன் இரண்டு நாள் அக்காவோடு பேசவில்லை.

அப்புறம் ஐம்பத்தாறாம் வருஷம் நவம்பர் வந்தது. விளவங்கோடு தமிழ்நாட்டோடு போயிற்று. நாங்கள் கேரளத்தில் நின்றோம். களியக்காவிளைப் பக்கம் பட்டாசுச் சத்தம் கேட்டது. எங்கள் சந்தையில் சிலர் இனிப்புக் கொடுத்தார்கள். சிலர் கதவைச் சாத்தினார்கள். சுவாமிதாஸ் சார் பள்ளிக்கூடச் சுவரில் இன்னும் ஒட்டியிருந்த படத்தைக் கிழிக்காமல் நான்கு மூலையும் பிரித்து எடுத்துச் சுருட்டிக்கொண்டு போனார். கொஞ்ச நாளில் குழித்துறையில் இருந்த மகள் வீட்டுக்கே போய்விட்டார். ஒரு கல்லை விட்டுக்கொடுத்திருந்தால் நம்முடைய தாலுக்காவும் போயிருக்கும் என்று சந்தையில் பேசினார்கள். ஒரு கல்லுக்காக எல்லையை யார் மாற்றுவார்கள்? ஆனாலும் அக்காவின் காது கேட்கத்தான் பேசினார்கள். சார் அப்படிப் பேசவில்லை. ஊரைவிட்டுப் போகிற அன்று பஸ்ஸுக்குக் காத்து நின்றபோது அவள் கடவத்தோடு எதிரே வந்தாள். அவர் கல்லைப் பார்த்தார், அவளைப் பார்க்கவில்லை.

சந்தை கட்டும்போது யாரும் நினைக்காதது ஒன்று பிறகு நடந்தது. அந்தப் பக்கத்துச் சுமைகள் வருவது நின்றுபோயிற்று. எல்லையில் நிறுத்தி அவிழ்த்துப் பார்க்கத் தொடங்கியதும், கருப்பட்டியும் முட்டையும் கோழியும் களியக்காவிளையிலேயே விலைபோயின. மீதி பஸ்ஸிலும் லாரியிலும் போயிற்று. புதுக் கடைகளில் பாதி திறக்கவே இல்லை. வரிசையின் கோடியில் ஒரு அறையைப் போலீஸுக்குக் கொடுத்தார்கள். மேட்டில் தலைச்சுமையோடு ஏறுகிற கால்கள் வரவர அருகி, ஒரு நாள் ஒன்றுகூட வரவில்லை. கல் நின்றது. இறக்க ஆளில்லை.

அக்காவும் கருப்பட்டியை விட்டுவிட்டு வீட்டில் கதம்பை அடித்துக் கயிறு திரித்தாள். தேங்காய் மட்டையைத்தான் நாங்கள் கதம்பை என்போம். இனி சந்தைக்கு வர அவளுக்கு வேலை இல்லை. ஆனால் வந்தாள். நான் குனிந்து முடைந்துகொண்டிருந்தபோது மேட்டில் அந்தக் கால்கள் ஏறின. கடவத்தைக் கல்லில் வைத்தாள், கையை வைத்து நின்றாள், உதடு அசைந்தது. கொஞ்சம் பொறுத்துத் தலைக்கு இழுத்துக்கொண்டு வந்த வழியே இறங்கிப்போனாள். யாரிடமும் ஒன்றும் விற்கவில்லை, வாங்கவில்லை. மறுநாளும் வந்தாள். அதற்கு மறுநாளும்.

வடக்கே இருந்து புதிதாக மாறி வந்த போலீஸ்காரன் ஒருவன் அறை வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்து இதைப் பார்த்துக்கொண்டிருந்தான். நான் அவனைப் பார்த்துக்கொண்டிருந்தேன். எல்லை ஓரத்தில் ஒரு பெண் தினமும் ஒரு கூடையைக் கொண்டுவந்து வைத்துவிட்டு, அதையே எடுத்துக்கொண்டு போகிறாள் என்றால் எவனுக்கும் சந்தேகம் வரும்தான். ஒரு நாள் எழுந்து வந்து கடவத்துக்குள் கையை விட்டான். கதம்பை. அடிவரைக்கும் கதம்பை. தரையில் கொட்டி, காலால் பரத்திப் பார்த்தான். ஒன்றுமில்லை. ஒன்றுமில்லாதது அவனுக்கு இன்னும் சந்தேகமாயிற்று. யாருக்கு அடையாளம் காட்டுகிறாய், அந்தப் பக்கத்திலிருந்து யார் வருகிறார்கள் என்று மலையாளத்தில் விரட்டினான். அவள் குனிந்து கதம்பையைப் பொறுக்கினாள். நான் கடையைவிட்டு இறங்கிப்போய் அவளோடு சேர்ந்து பொறுக்கினேன். முன்பு கருப்பட்டியைப் பொறுக்கியது போலவே.

"பின்னெ இது எந்தினா கொண்டுவருன்னது?" என்றான். எதற்குத்தான் இதைச் சுமந்து வருகிறாய் என்று கேட்டான்.

கடவம் நிறைந்தது. தரையிலிருந்து தூக்க இரண்டாள் வேண்டும். அவள் என்னிடம் கை கேட்கவில்லை, நானே பிடித்தேன். தலைக்கு ஏற்றினோம். பெருவிரல் மண்ணைக் கவ்வியது. இரண்டடி நடந்து, இப்போதுதான் வந்தவளைப் போல, கடவத்தைக் கல்லின்மேல் நகர்த்தி வைத்தாள்.

"இறக்கி வைக்கதுக்கு சார்" என்றாள்.

அவனுக்கு அது விளங்கவில்லை. நாளை இதோடு இந்தப் பக்கம் கண்டால் உள்ளே போடுவேன் என்று சொல்லிவிட்டு நாற்காலிக்குத் திரும்பினான்.

மறுநாள் அவள் வருவாளா என்று நான் மேட்டையே பார்த்துக்கொண்டிருந்தேன். போலீஸ்காரனும் பார்த்துக்கொண்டிருந்தான். முடைந்து முடித்த பெட்டிகள் ஒரு கடவம் நிறைய என் பக்கத்தில் இருந்தன. வெயில் ஏறியது. மேட்டில் அந்தக் கால்கள் தெரியவில்லை. நான் எழுந்து, கல்லைப் பார்த்துக்கொண்டே துணியைச் சும்மாடாகச் சுருட்டித் தலையில் வைத்தேன்.